இருபதாவது தாள்

அகராதி அலுவலகத்தில் அவளுக்கு அட்டை என்று பெயர். சொற்களைச் சின்னச் சின்ன அட்டைகளில் எழுதி மரப்பெட்டியில் அடுக்குவது அவள் வேலை என்பது ஒரு காரணம். ஒரு சொல்லைக் கவ்விப் பிடித்தால் ரத்தத்தை உறிஞ்சாமல் விடமாட்டாள் என்பது இன்னொரு காரணம். முதலாவதை அவள் எதிரிலேயே சொல்வார்கள், இரண்டாவதை அவள் அந்தப் பக்கம் போனபிறகு சொல்வார்கள். சேர்ந்த புதிதில் வெறும் அட்டையாக இருந்தவள், வயது ஏற ஏற அட்டையக்கா ஆனாள். தலைமைப் பதிப்பாசிரியராக நாற்காலி ஏறியபிறகு அட்டை மேடம்.

இது நடக்கத் தொடங்கியபோது அவளுக்கு இருபத்தொன்பது வயது. வேலை நிரந்தரமாகவில்லை. பழைய நூல்களில் வரும் படைக்கருவிகள், கவசங்கள், போருடைகள் இவற்றுக்கென்றே ஒரு தனித் தொகுதி கொண்டுவர அலுவலகம் முடிவு செய்திருந்தது. வாள், வேல், வில்லையெல்லாம் இன்னொருவர் எடுத்துக்கொண்டார். போர்வீரன் உடம்பில் அணிவதெல்லாமும் கேடயமும் அட்டையின் பொறுப்பு. உடற்கவசமான மெய்ம்மறை, இடுப்பில் கட்டும் கச்சை, காலில் அணியும் கழல், தலைக்கவசமான தலைச்சீரா என்று மேசையெல்லாம் இரும்பும் தோலுமாகக் குவிந்து கிடந்தன, அட்டைகளின் வடிவில்.

அந்த வேலை அவளுக்குப் பிடித்திருந்தது. புட்டில் என்ற ஒரே சொல் ஓரிடத்தில் வில்லாளியின் விரலுறையாக வரும், இன்னோரிடத்தில் அம்புக்கூடாக வரும், மற்றோரிடத்தில் ஒன்றுமில்லை, வெறும் கூடை. தோல் என்றால் கேடயம். அதே தோல் யானையும் ஆகும், கொல்லனின் துருத்தியும் ஆகும். வீட்டுக்குப் போயும் அதே நினைப்புதான். நனைந்த மழைக்கோட்டோடு உள்ளே வரும் கணவனிடம், "மெய்ம்மறைய வெளியிலயே கழட்டுங்க, தரையெல்லாம் தண்ணி" என்பாள். அவனும் லேசுப்பட்டவன் இல்லை. அடுப்பிலிருந்து சூடான பாத்திரத்தை இறக்கத் துணி தேடும்போது, "என் புட்டில எங்க வெச்சு தொலைச்சே?" என்பான்.

அலுவலகத்தில் அவளுக்கு ரொம்ப நெருக்கமானவர் என்று சொன்னால் அது பூதக்கண்ணாடிதான். அவளைவிடப் பத்து வயது மூத்தவர், மேற்கோள் சரிபார்ப்பவர். ஒவ்வோர் அட்டையின் அடியிலும் அந்தச் சொல் எந்த நூலில், எந்தப் பக்கத்தில் வருகிறது என்று எழுதியிருக்கும். அந்த நூலை எடுத்து, அந்தப் பக்கத்தைத் திறந்து, அந்தச் சொல்லைக் கண்ணால் பார்த்தபிறகுதான் அவர் பச்சை மையில் ஒரு கோடு போடுவார். "கண்ணு பார்க்காம பேனா திறக்காது" என்பார். அவர் அவளை 'வாம்மா, போம்மா' என்று பேசுவார். அவள் அவரை 'அண்ணா' என்பாள். மத்தியானச் சாப்பாட்டை இருவரும் ஜன்னலோரம் உட்கார்ந்து பகிர்ந்துகொள்வது வழக்கம்.

தொகுதியின் முகப்பில் ஒரு படம் வரவேண்டியிருந்தது. அருங்காட்சியகத்தில் நிற்கும் ஒரு கவச உருவத்தைப் பார்த்து ஓவியர் வரைந்து கொடுத்திருந்தார். உச்சி முதல் உள்ளங்கால் வரை இருபத்திரண்டு உறுப்புகள், இருபத்திரண்டு எண்கள், ஒவ்வொன்றுக்கும் ஒரு பழம்பெயர். இருபத்தொன்றுக்குப் பெயர் கிடைத்துவிட்டது. பதினாலாம் எண் மட்டும் மாட்டேனென்றது. தலைச்சீராவின் பின்விளிம்பிலிருந்து இரும்பு வளையங்களாகத் தொங்கிப் பிடரியை மூடும் துண்டு அது. மூன்று வாரம் தேடினாள். கிடைக்கவில்லை.

அப்போதைய தலைமைப் பதிப்பாசிரியரை எல்லோரும் பெரியவர் என்பார்கள். அவர் அவள் மேசைக்கே வந்து நின்றார்.

"பதினாலுக்கு என்னம்மா ஆச்சு?"

"தேடிக்கிட்டே இருக்கேன் சார்."

"அச்சகத்துல மெஷினை நிறுத்தி வெச்சுக்கிட்டு உக்காந்திருக்கான். ஒரு எண்ணுக்கு மட்டும் பேரு இல்லன்னா படம் பல்லு விழுந்த வாய் மாதிரி இருக்கும். நாளைக்குக் காலைல எனக்கு அட்டை வேணும்."

அவர் போனபிறகு அவள் ஒரு வெற்று அட்டையை எடுத்து, விளையாட்டாகத்தான், பிடர்மறை என்று எழுதிப் பார்த்தாள். மெய்யை மறைப்பது மெய்ம்மறை, பிடரியை மறைப்பது பிடர்மறை. எழுதி முடித்ததும் அவளுக்கே உடம்பு சிலிர்த்தது. ஆயிரம் வருஷமாக இருந்த சொல்லைப் போல அத்தனை இயல்பாக இருந்தது அது. ஆனால் அடியில் மேற்கோள் இல்லாத அட்டை அச்சுக்குப் போகாது.

சுவடி பீரோவில் 'ஆயுதக் கொட்டில் பட்டியல்' என்று ஒரு பழைய கையெழுத்துப் பிரதி இருந்தது. தைக்காத தனித்தனித் தாள்கள், பழுப்புத் துணியில் சுற்றியது. அதை முழுக்கப் படித்தவள் அந்த அலுவலகத்தில் அவள் ஒருத்திதான். பேனா தானாக ஓடியது போல இருந்தது என்று பின்னாளில் அவள் நினைத்துக்கொள்வதுண்டு. தானாக எந்தப் பேனா ஓடும்? அவள்தான் எழுதினாள்: ஆயுதக் கொட்டில் பட்டியல், தாள் 20. நாளைக்கே உண்மையான சொல் கிடைத்துவிடும், மாற்றிவிடலாம் என்று தனக்குத்தானே சமாதானம் சொல்லிக்கொண்டாள்.

மகளுக்குக் காய்ச்சல் என்று பூதக்கண்ணாடி அப்போது மூன்று நாள் விடுப்பில் இருந்தார். பச்சைக்கோடு இல்லாமலே அட்டை அச்சகத்துக்குப் போனது. மறுநாளும் வேறு சொல் கிடைக்கவில்லை, அதற்கடுத்த நாளும் கிடைக்கவில்லை. பிறகு அவள் தேடுவதை நிறுத்திவிட்டாள்.

தொகுதி வெளிவந்தது. வெளியீட்டுக் கூட்டத்தில் பெரியவர் வேறெந்தச் சொல்லையும் விட்டுவிட்டு அதையே பிடித்துக்கொண்டார். "பிடர்மறை! என்ன அழகு பாருங்க. ஒரே சொல்லுக்குள்ள ஒரு போர்க்களமே தெரியுது." கூட்டம் கைதட்டியது. மேடைக்குப் பக்கத்தில் நின்றிருந்த அட்டையும் தட்டினாள். தட்டாமல் இருந்தால் யாராவது கவனிப்பார்களே.

ஒரு மாதம் கழித்து, ஒரு மத்தியானம், பூதக்கண்ணாடி பழுப்புத் துணிப் பொதியோடு அவள் மேசைக்கு வந்தார். தான் கோடு போடாமல் அச்சேறிய அட்டை அவர் தொண்டையில் முள்ளாக இருந்திருக்கிறது.

"ஏம்மா, இதுல பத்தொம்பது தாள்தான் இருக்கு. நீ இருபதுன்னு எழுதியிருக்க."

அந்த நிமிஷம் சொல்லியிருக்கலாம். பக்கத்தில் யாரும் இல்லை. சொல்லியிருந்தால் அவர் தலையில் அடித்துக்கொண்டிருப்பார், நாலு நாள் பேசாமல் இருந்திருப்பார், பிறகு இருவருமாகச் சேர்ந்து ஒரு பிழைதிருத்தம் போட்டிருப்பார்கள். ஆனால் அவளுடைய வேலையை நிரந்தரமாக்கும் கோப்பு அப்போது பெரியவரின் மேசையில் இருந்தது.

"இருந்துச்சுண்ணா. நான் பார்த்தேன்."

"நல்லா நினைவிருக்கா?"

"கடைசித் தாள். கீழ்மூலைல இருந்துச்சு."

கீழ்மூலை என்று ஏன் சொன்னாள் என்று அவளுக்கே தெரியாது. பொய்க்குக் கைகால் முளைப்பது அப்படித்தான். அவர் மறுபடி எண்ணினார். சுவடிப் பட்டியலை எடுத்துப் பார்த்தார். அதில் யாரோ எந்தக் காலத்திலோ 'ஏறத்தாழ இருபது தாள்கள்' என்று எழுதி வைத்திருந்தார்கள். சரியாகப் பத்தொன்பது என்று எழுதியிருந்தால் அவள் அன்றைக்கே மாட்டிக்கொண்டிருப்பாள். எண்ணச் சோம்பல்பட்ட யாரோ ஒருவருடைய 'ஏறத்தாழ' அவளைக் காப்பாற்றியது.

பூதக்கண்ணாடி நேராகப் பெரியவரிடம் போய், ஒரு தாளைக் காணோம் என்று தானே சொன்னார். அவர் அப்படிப்பட்ட ஆள். சுவடி எடுப்பவர்கள் கையெழுத்திடும் பதிவேட்டில் அந்தப் பொதிக்கு நேரே இரண்டே கையெழுத்துகள். முதலில் அட்டை, அவளுக்குப் பிறகு அவர். அவள் பார்த்தபோது தாள் இருந்தது, அவர் எடுத்தபோது இல்லை. விசாரணை பத்தே நிமிஷம்.

"நீங்க படிக்கும்போது அந்தத் தாள் இருந்துச்சா?" என்று பெரியவர் அவளைக் கேட்டார்.

"இருந்துச்சு சார்."

"நீங்க எங்க வெச்சுப் படிச்சீங்க?" என்று அவரைக் கேட்டார்.

"ஜன்னலோரம் சார். வெளிச்சம் பத்தலைன்னு..." பூதக்கண்ணாடியின் முகம் மாறியது. "ஃபேன் ஓடிக்கிட்டிருந்துச்சு. நடுவுல கை கழுவ எழுந்து போனேன்." அந்த அறையிலேயே அவர் தன்னைத்தானே சந்தேகப்பட ஆரம்பித்துவிட்டதை அட்டை கண்ணால் பார்த்தாள்.

கவனக்குறைவு என்று எழுதி அவரை வேலையிலிருந்து எடுத்துவிட்டார்கள். கவனக்குறைவு என்பது காகிதத்தில் இருந்த சொல். நடைவழியில் ஓடிய சொல் வேறு. பழம்பொருள் சேர்க்கும் யாருக்கோ அந்தத் தாளை விற்றுவிட்டார் என்று கிசுகிசுத்தார்கள். மேசையை ஒழித்துக்கொண்டு கிளம்பும்போது அவர் அவளிடம் வந்து, "உன் உழைப்பை நான் வீணாக்கிட்டேம்மா, மன்னிச்சுக்க" என்று சொல்லிவிட்டுப் போனார். அவள் கழிவறைக்குப் போய்க் குழாயைத் திறந்துவிட்டுக்கொண்டு அழுதாள். அதற்கடுத்த வாரம் அவள் வேலை நிரந்தரமானது.

பதினெட்டு வருஷம் போனது. வெளியிலிருந்து பார்த்தால் அவளுக்கு எல்லாம் நன்றாகத்தான் நடந்தது. பெரியவர் காலமானார், அவருக்குப் பின் வந்தவர் ஓய்வுபெற்றார், நாற்காலி இவளுக்கு வந்தது. அந்தச் சொல்லும் தன்பாட்டுக்கு வளர்ந்தது. பள்ளிப் பாடப்புத்தகத்தில் ஏறியது. வரலாற்று நாடகம் போடுகிறவர்கள் உடைப் பட்டியலில் எழுதினார்கள். ஒருநாள் பேருந்தில் போகும்போது இருசக்கர வண்டி உபகரணக் கடை ஒன்றின் பலகையைப் பார்த்தாள்: 'பிடர்மறை வைத்த ஹெல்மெட் இங்கே கிடைக்கும்.' அன்றிலிருந்து அந்தத் தடத்துப் பேருந்தில் ஏறுவதில்லை.

பூதக்கண்ணாடி மருந்துப் பெட்டிகளுக்கு லேபிள் அடிக்கும் ஓர் அச்சகத்தில் எழுத்துப்பிழை பார்க்கிறார் என்று கேள்விப்பட்டாள். ஒருமுறை அந்த அச்சக வாசல் வரைக்கும் போனாள். உள்ளே மெஷின் சத்தம் கேட்டது. செருப்பு வாரைச் சரிசெய்வது போலக் கொஞ்ச நேரம் குனிந்து நின்றுவிட்டுத் திரும்பி வந்துவிட்டாள்.

அலுவலகம் புதுக் கட்டடத்துக்கு மாறப்போகிறது என்று பத்திரிகையில் சின்னதாக ஒரு செய்தி வந்தது. அது வந்த மூன்றாம் நாள் ஓர் இளம்பெண் அட்டையைப் பார்க்க வந்தாள். மூக்கும் நெற்றியும் பார்த்ததுமே யாருடைய மகள் என்று சொல்லிவிடலாம். அன்றைக்குக் காய்ச்சலில் கிடந்த குழந்தை.

"அப்பா அனுப்பினாரு மேடம். அவரே வரக் கூச்சப்படறாரு." அவள் நாற்காலி நுனியில் உட்கார்ந்திருந்தாள். "சுவடி பீரோவை நகர்த்தும்போது அவரு பக்கத்துல இருக்கலாமான்னு கேக்கச் சொன்னாரு."

"எதுக்கும்மா?"

"அந்தத் தாளுக்குத்தான்." அவள் சங்கடத்தோடு சிரித்தாள். "பீரோவுக்கும் சுவத்துக்கும் நடுவுல விழுந்திருக்கலாம்னு அவருக்கு ஒரு நினைப்பு. அப்ப பீரோவை நகர்த்த முடியலையாம், அவ்வளவு கனமாம். எங்க வீட்ல அந்தத் தாள் ஒரு ஆளு மாதிரி மேடம். வீடு மாத்தும்போதெல்லாம் புத்தகம் ஒவ்வொண்ணையும் உதறி உதறிப் பார்ப்பாரு, ஒருவேளை தெரியாம வீட்டுக்கு எடுத்துட்டு வந்திருப்பேனோன்னு. என் சர்ட்டிபிகேட்டக்கூடக் கையில வாங்க மாட்டாரு. 'நீயே வெச்சுக்கடா, நான் தொலைச்சிடுவேன்'பாரு."

வியாழக்கிழமை பத்து மணிக்கு வரச்சொல்லுங்கள் என்று மட்டும் அட்டை சொல்லி அனுப்பினாள்.

வியாழக்கிழமை காலை அவள் கணவனிடம் முதன்முறையாக எல்லாவற்றையும் சொன்னாள். அவன் சட்டைப் பொத்தானில் கை வைத்தபடி கேட்டுக்கொண்டிருந்தான்.

"பீரோவை நகர்த்தப்போறாங்க. ஒண்ணும் இருக்காது. அவரு வீட்டுக்குப் போயிடுவாரு. அவ்வளவுதானே?" என்றான் கடைசியில்.

"அவ்வளவுதான்."

"அப்புறம் ஏன் இத்தனை வருஷம் கழிச்சு இன்னைக்குச் சொல்றே?"

அவள் செருப்பை மாட்டிக்கொண்டாள். அவன் வாசல்வரை வந்து பையை அவள் தோளில் மாட்டிவிட்டான்.

பூதக்கண்ணாடி பத்துக்கு ஐந்து நிமிஷம் முன்னாலேயே வந்து கீழே நின்றிருந்தார். தலை முழுக்க நரைத்திருந்தது. சலவை செய்த சட்டை, கையில் ஒரு டார்ச் விளக்கு, மெல்லிய தூரிகை ஒன்று, இரண்டு வெற்று அட்டைகள். தாள் கிடைத்தால் கசங்காமல் நடுவில் வைத்து எடுக்க.

"வணக்கம் மேடம். அனுமதி கொடுத்ததுக்கு ரொம்ப நன்றி" என்றார்.

அவர் வாயிலிருந்து வந்த அந்த மேடம் அவளைச் சுட்டது. "வாங்கண்ணா" என்றாள், குரல் எழும்பாமல்.

சுமைதூக்குபவர்கள் இரண்டு பேர் பீரோவைக் காலி செய்து, அடியில் சாக்கைக் கொடுத்து, தம் பிடித்து இழுத்தார்கள். அது தரையைக் கீறிக்கொண்டு ஒரு முழம் நகர்ந்தது. சுவரில் பீரோவின் உருவம் மட்டும் வெளுக்காமல் பழைய நீலமாக இருந்தது. தரையில் விரல் கனத்துக்குத் தூசி, ஒரு பேனா மூடி, காய்ந்துபோன பல்லி ஒன்று, துருப்பிடித்த குண்டூசிகள்.

"யாரும் கால் வெக்காதீங்க" என்று சொல்லிவிட்டு அவர் முட்டி போட்டு உட்கார்ந்தார். முட்டி ஒடியும் சத்தம் அவளுக்குக் கேட்டது. டார்ச்சை அடித்து, மூலையிலிருந்து ஆரம்பித்து, தூரிகையால் தூசியை இஞ்சு இஞ்சாகத் தள்ளினார். சுமைதூக்குபவர்களில் ஒருவர் மற்றவரைப் பார்த்துக் கண்ணடித்தார். பூதக்கண்ணாடி கவனிக்கவில்லை. சுவரும் தரையும் சேரும் விரிசலில் ஏதோ பழுப்பாக நீட்டிக்கொண்டிருந்தது. அவர் மூச்சைப் பிடித்துக்கொண்டு கையிலிருந்த வெற்று அட்டையின் நுனியால் அதை நெம்பினார். வெறும் சுண்ணாம்புப் பொருக்கு. அதை உள்ளங்கையில் வைத்து, திருப்பி, எழுத்து இருக்கிறதா என்று பார்த்தார்.

அதற்குமேல் அவளால் முடியவில்லை.

"நீங்க ரெண்டு பேரும் கொஞ்சம் வெளியில இருங்க" என்று சுமைதூக்குபவர்களை அனுப்பிவிட்டுக் கதவைச் சாத்தினாள்.

"அண்ணா, தேடாதீங்க. எழுந்திருங்க."

"இன்னும் இந்தப் பக்கம் பாக்கி இருக்கு மேடம், அஞ்சு நிமிஷம்."

"அந்தத் தாள் இல்லண்ணா. எப்பவுமே இல்ல. நான்தான் பொய் சொன்னேன்."

அவர் முட்டி போட்டபடியே திரும்பினார். டார்ச் வெளிச்சம் அவள் காலில் விழுந்தது.

"பிடர்மறைன்னு ஒரு சொல் எங்கயும் கிடையாது. பதினாலாம் நம்பருக்குப் பேரு கிடைக்கல. நானே உண்டாக்கினேன். இருபதாம் தாள்னு நானே எழுதினேன். நீங்க கேட்டப்ப பயந்துட்டேன். பெரியவர் கேட்டப்பவும் பயந்துட்டேன்."

வெளியே யாரோ மேசையை இழுக்கும் சத்தம் கேட்டது. அவர் உள்ளங்கையிலிருந்த பொருக்கைத் தரையில் வைத்தார். பிறகு கேட்டது அவள் எதிர்பார்த்த கேள்வி இல்லை.

"அப்ப நான் எதையும் தொலைக்கலையா?"

"இல்லண்ணா."

"பத்தொம்பதுதானா?"

"பத்தொம்பதுதான்."

"பொதியைக் கொண்டா."

பெட்டியில் கட்டி வைத்திருந்ததை அவள் பிரித்து எடுத்து வந்தாள். அவர் தரையிலேயே உட்கார்ந்து, கையைச் சட்டையில் துடைத்துக்கொண்டு, தாள்களை ஒவ்வொன்றாக எடுத்து வைத்து எண்ணினார். பத்தொன்பது. அடுக்கிவிட்டு மறுபடி எண்ணினார். பத்தொன்பது. மூன்றாம் முறை எண்ணும்போது எண்ணிக்கை பிசகவே நிறுத்திவிட்டார்.

"என் சம்சாரம் கடைசி வரைக்கும் சொல்லிக்கிட்டே இருந்தா," என்றார் தாள்களைப் பார்த்தபடி. "'நீங்க திருடலன்னு எனக்குத் தெரியும். தொலைச்சிருப்பீங்க, அது மனுஷனுக்குச் சகஜம்'னு. என்னைத் தேத்தறதா நினைச்சுச் சொன்னா. நாலு வருஷம் ஆச்சு அவ போயி. இப்ப அவகிட்ட யாரு போய்ச் சொல்றது, நான் தொலைக்கவும் இல்லன்னு? நீ போவியா?"

"அண்ணா..." என்று அவள் ஆரம்பித்தாள்.

"மன்னிப்பு கேட்டுடாத," என்று அவர் எழுந்தார். "நான் உன்கிட்ட மன்னிப்பு கேட்டுட்டுப் போனேனே, நினைவிருக்கா? அதைக் கேட்டுக்கிட்டு நின்ன பாரு. அதை என்னால தாங்க முடியல." டார்ச்சை அணைக்க மறந்தபடியே படியிறங்கிப் போய்விட்டார்.

அன்று மாலையே அவள் நிர்வாகக் குழுவுக்குக் கடிதம் எழுதினாள். நடந்ததை நடந்தபடி, நாள் கிழமையோடு எழுதி, தலைமைப் பொறுப்பிலிருந்து விலகுவதாகவும் சேர்த்தாள். குழுத் தலைவர் அவளைக் கூப்பிட்டு, குரலைத் தாழ்த்திக்கொண்டு, "இதைப் போய் ஏம்மா ஊர் பூரா தம்பட்டம் அடிக்கணும்? அடுத்த பதிப்புல அச்சுப்பிழைன்னு ஒரு வரி போட்டுட்டாப் போச்சு" என்றார்.

"அச்சுப்பிழைன்னா அந்தப் பழி அச்சுக் கோத்தவர் தலையில விழும் சார். ஏற்கெனவே ஒருத்தர் தலையில போட்டது போதும்."

குழு முனகிக்கொண்டே இறங்கி வந்தது. பத்திரிகையில் விளக்கம் வந்தது. கேலி செய்து எழுதியவர்கள் உண்டு, அவள் பெயரைக் கேட்டதும் முகத்தைத் திருப்பிக்கொண்டவர்கள் உண்டு. அவள் பழைய உதவிப் பதிப்பாசிரியர் மேசைக்கே திரும்பினாள். பூதக்கண்ணாடிக்கு அலுவலகம் வருத்தக் கடிதம் அனுப்பி, அவருக்கு என்ன செய்ய வேண்டும் என்று கேட்டது. பதிலாக ஒரே ஒரு வரி வந்தது: அந்தத் தொகுதியில் அவள் எழுதிய அட்டைகள் அத்தனையையும் நான் சரிபார்க்க வேண்டும்.

புதுக் கட்டடத்தில் ஓர் அறையை அவருக்கு ஒதுக்கினார்கள். மொத்தம் அறுநூற்று நாற்பது அட்டைகள். அவள் நூல்களை எடுத்து வந்து அவர் எதிரில் வைக்கவேண்டும், பக்கத்தைத் திறந்து காட்டவேண்டும். பதினெட்டு வருஷத்துக்கு முன் பச்சைக்கோடு வாங்கிய அட்டைகளையும் அவர் விடவில்லை. "அப்ப உன்னை நம்பி வேகமாப் பார்த்திருப்பேன்" என்றார். முதல் நாள் அவள் பழக்கதோஷத்தில் "அண்ணா, தண்ணி வேணுமா?" என்று கேட்டாள். "வேல நேரத்துல அண்ணா வேணாம்" என்றார். மத்தியானம் அவர் தன் சாப்பாட்டை எடுத்துக்கொண்டு வேறு தளத்துக்குப் போனார்.

பிடர்மறை அட்டை மூன்றாம் வாரம் வந்தது. அதைக் கிழித்துப் போட்டுவிடுவார் என்றுதான் அவள் நினைத்தாள். அவர் கன்னத்தில் கை வைத்து அதையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"எடுத்துட முடியாது," என்றார். "கடைத்தெருவுல நாலு பேரு இதைச் சொல்லித்தான் ஹெல்மெட் வாங்கறான். நான் என் காதாலயே கேட்டேன். நாம யாரு இல்லன்னு சொல்ல?" புது அட்டை ஒன்றை எடுத்து நிதானமாக எழுதினார்: 'தலைக்கவசத்தின் பின்புறம் பிடரியை மூடும் உறுப்பு. தற்கால வழக்கு. பழஞ்சான்று இல்லை. இவ்வகராதி அலுவலகத்தில் உருவாக்கப்பட்ட சொல்.' எழுதிவிட்டு, அவள் பக்கம் அட்டையைத் தள்ளினார். "உருவாக்கினவங்க பேரையும் எழுது."

அவள் தன் பெயரை எழுதினாள். பதினெட்டு வருஷமாக எந்தக் கையெழுத்தும் அவளுக்கு இத்தனை கனமாக இருந்ததில்லை. அவர் அதை வாங்கிப் பார்த்து, பச்சைக்கோடு போட்டு, அடுத்த அட்டையை எடுத்தார்.

வீட்டில் கணவன் தினமும் கேட்பான், "பேசினாரா?" என்று. "வேலையைப் பத்திப் பேசினாரு" என்பாள். "மனசு இப்ப லேசா இருக்கா?" என்று ஒருநாள் கேட்டான். அவள் யோசித்துப் பார்த்தாள். இல்லை என்றுதான் தோன்றியது. முன்பெல்லாம் இன்ன இடத்தில் என்று தெரியாமல் உடம்பெங்கும் வலித்தது, இப்போது வலிக்கும் இடம் தெரிகிறது, அவ்வளவுதான். அவனிடம், "பாத்திரத்தை இறக்குங்க, தீயுது" என்றாள்.

நானூறாவது அட்டை தாண்டியபோது மழைக்காலம் வந்துவிட்டது. அன்று அவர் ஓர் அட்டையைக் கையில் வைத்துக்கொண்டு வெகுநேரம் நூலைப் புரட்டினார். கச்சை பற்றிய அட்டை அது. இதிலும் ஏதோ தவறோ என்று அவள் எட்டிப் பார்த்தாள்.

"பக்கம் தப்பு," என்றார்.

"எங்க சார்?"

"நீ சரியாத்தான் எழுதியிருந்திருக்க. நான்தான் ஒன்பதை ஏழுன்னு அடிச்சுத் திருத்தியிருக்கேன். பாரு, என் பச்சை மை." அவர் மூக்குக்கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். அவர் முகத்தில் கோபமோ சிரிப்போ இல்லை. "இதை யாரும் கண்டுபிடிச்சிருக்க மாட்டாங்க."

அவர் ஏழு என்பதை அடித்து ஒன்பது என்று எழுதி, பக்கத்தில் தன் சுருக்கொப்பத்தையும் தேதியையும் போட்டார். பிறகு சுவர்க் கடிகாரத்தைப் பார்த்துக் குடையை எடுத்துக்கொண்டார்.

"நாளைக்கு ஒன்பதரைக்கு வந்துடறேன். கேடயம் சம்பந்தப்பட்டதெல்லாம் எடுத்து வை. கிடுகுல நிறைய வேல இருக்கு."

"சரிங்க சார்."

அவர் போனபிறகு அவள் நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்து, மறுநாளைக்கான நூல்களை ஒவ்வொன்றாக எடுத்துத் தூசி தட்டி அடுக்க ஆரம்பித்தாள்.